எண்ணூர் உப்பங்கழி

திருவொற்றியூரைக் கடந்து வடக்கே செல்வோர் கண்ணுக்கு எண்ணூர் உப்பங்கழி, சேறும் உப்பும் மண்டிய பாழிடமாகவே தோன்றும். சர்க்கார் ஏடுகளிலும் இத்தகைய நிலத்துக்குத் 'தரிசு' என்றும் 'புறம்போக்கு' என்றுமே பெயர். இப்பெயர்களால் விளைந்த தீங்கு கொஞ்சமல்ல என்பது நமது அபிப்பிராயம்.

கொசஸ்தலை ஆறு கடலில் கலக்கும் இடம் இது. நகரின் குடிநீருக்காக ஸ்ரீ சத்தியமூர்த்தி பாடுபட்டு, 1944-இல் நிறைவேறிய பூண்டி நீர்த்தேக்கம் இவ்வாற்றின் குறுக்கேதான் இருக்கிறது. ஐப்பசி, கார்த்திகையில் பூண்டி நிரம்பி மதகுகளைத் திறந்தால், உபரி ஜலம் எண்ணூரை நோக்கியே ஓடி வருகிறது. கடலும் பொங்கி நிற்கும் சமயத்தில் வெள்ளம் உடனே வடிவதில்லை. அதுவரை பரந்து தங்குவதற்கு இச்சேற்று வெளி வேண்டும். அதை மண்ணிட்டு மேடாக்கினால் ஜலம் வீடுகளுக்குள் புகும். இதை அறியப் பெரிய கணிதம் வேண்டியதில்லை.

நல்ல ஜலமும் உப்பு ஜலமும் கலக்கும் இவ்விடமே இறாலுக்குத் தொட்டில். கடலில் பிறந்த குஞ்சு அலையோடு உள்ளே வந்து, சேற்றில் வளர்ந்து, மறுபடியும் கடலுக்குத் திரும்புகிறது. மடவையும் நண்டும் இங்கே உண்டு. அவற்றை நாடிக் கூழைக்கடாக்கள் வரும். பனிக்காலத்தில் வடதேசத்து உள்ளான்களும் வந்திறங்கும். இருளர் பெண்கள் ஜலத்தில் அமிழ்ந்து, சேற்றைத் துழாவி, வெறுங்கையால் இறால் பிடிப்பார்கள். ஓலைப் பறியைப் பல்லால் கடித்துக்கொண்டிருப்பார்கள். இரு கைகளும் வேலைக்கு வேண்டுமல்லவா! கண்ணுக்குப் புலப்படாத இறாலை விரல் நுனியால் அறியும் இவ்வித்தையை எந்தக் கலாசாலையில் கற்பிக்கிறார்கள்?

மத்திய சர்க்கார் 1996-இல் அங்கீகரித்த கரையோரப் படம், சுமார் 6,500 ஏக்கரைக் கட்டடம் எழுப்பலாகாத நீர்ப்பரப்பாகக் குறித்தது. பின்னர் மாநில அதிகாரிகள் கொடுத்த வேறொரு படத்திலோ உப்பங்கழியையே காணோம்! கடலைக் குடிக்க அகஸ்தியருக்குத் தவவலிமை வேண்டியிருந்தது. இங்கே ஒரு பேனாவே போதியதாயிற்று.

வடசென்னை அனல் மின் நிலையத்துச் சாம்பல், குழாய்களிலிருந்து கசிந்து ஆற்றில் படிந்தது. ஆழமாயிருந்த இடங்களில் படகுகள் தரைதட்டலாயின. தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் 2022-இல் தலையிட்டு உத்தரவு பிறப்பித்தது. மறு வருஷம் டிசம்பரில், மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மணலி சுத்திகரிப்பு ஆலைப் பக்கத்திலிருந்து எண்ணெய் வந்து, வலைகளிலும் அலையாத்திச் செடிகளிலும் கூழைக்கடாக்களின் சிறகுகளிலும் அப்பிக்கொண்டது.

இவை போதாவென்று, தென்னமெரிக்காவைத் தாயகமாகக் கொண்ட 'காக்கா ஆழி' என்னும் சிப்பியும் கழியின் அடியில் கம்பளம்போல் படர்ந்திருக்கிறது. அது மூடிய இடத்தில் இறால் ஒதுங்கச் சேறு இல்லை. துழாவும் கைகளுக்கும் இடமில்லை. சிப்பியையும் சாம்பலையும் வாரி அப்புறப்படுத்த வேண்டும். 1996-ஆம் வருஷத்துப் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அதிற்கண்ட எல்லை நெடுகிலும் கல் நட வேண்டும். அடுத்த ஐப்பசிக்கு முன் இவ்வேலையைத் தொடங்குவார்களா என்பதே நாம் சர்க்காரைக் கேட்பது.