இருபது நிமிடச் செய்திக்குப் பின்னால் ஒருவர்

1995 செப்டம்பர் 21-ஆம் தேதியை நம்மில் பலர் மறந்திருக்க மாட்டோம். பிள்ளையார் பால் குடிக்கிறார் என்று தில்லியில் விடியற்காலையில் கிளம்பிய சேதி, பொழுது சாய்வதற்குள் நாடெங்கும் பரவிவிட்டது. நம் வீட்டுப் பெரியவர்களும் பால் செம்புடன் கோயில் வரிசையில் நின்றார்கள்.

அந்தப் பரபரப்பின் நடுவே, டி.டி. மெட்ரோவின் 'ஆஜ் தக்' செய்தியில் ஒரு காட்சி வந்தது. செருப்புத் தைப்பவரின் இரும்புக் கட்டையில் பாலை ஒட்டிப் பிடித்தால் அதுவும் பால் 'குடித்தது'! காரணம், பரப்பு இழுவிசை. பொருளைத் தொட்டதும் கரண்டியிலிருந்து இழுக்கப்படும் பால், மெல்லிய படலமாகக் கீழே வழிந்துவிடுகிறது.

ஊரே கைகூப்பி நிற்கும்போது இதைக் காட்டத் துணிவு வேண்டும். அத்துணிவு சுரேந்திர பிரதாப் சிங்குக்கு இருந்தது. 'எஸ்.பி.' என்றால் பத்திரிகை உலகம் முழுவதும் அறியும்.

1948-இல் உத்தரப் பிரதேசத்தின் காஜிப்பூர் மாவட்டத்தில் பிறந்தவர். குடும்பம் குடிபெயர்ந்ததால் வளர்ந்ததும் படித்ததும் கல்கத்தா பக்கத்தில். வேலை பம்பாயில், 'தர்மயுக்' வார இதழில். மறுபடி கல்கத்தாவில் 'ரவிவார்' ஆசிரியர். பிறகு தில்லியில் 'நவபாரத் டைம்ஸ்'. ஊர் ஊராக மூட்டை கட்டிய கதை நமக்குப் புதிதா என்ன!

1995 ஜூலையில் 'ஆஜ் தக்' தொடங்கியபோது அது தனிச் சேனல் அல்ல. தூர்தர்ஷனில் ஒளிபரப்பான இருபது நிமிட நிகழ்ச்சிதான். வந்து குவியும் ஒளிநாடாக்களில் எதை எடுப்பது, எதை விடுவது, எது முதலில், எதற்கு எத்தனை விநாடி என்று தீர்மானிப்பதுதான் தயாரிப்பாளரின் வேலை. எஸ்.பி. அதையும் செய்தார், திரையில் தோன்றிச் செய்தியும் சொன்னார். கடைத்தெருவில் பேசும் எளிய ஹிந்தியே அவர் மொழி. தூர்தர்ஷனின் கடின ஹிந்தியைக் கேட்டு விழித்த நம் குடும்பங்கள் பலவும் செய்தியைப் புரிந்துகொண்டது அதனால்தான்.

1997 ஜூன் 13. தில்லி உபகார் திரையரங்கத் தீவிபத்தில் 59 பேர் மாண்டனர். சில நாட்களில் எஸ்.பி.க்கு மூளையில் இரத்தக்கசிவு. ஜூன் 27-இல் காலமானார். வயது 48. 'ஆஜ் தக்' 24 மணி நேரச் சேனலானது 2000 டிசம்பர் 31-இல். அதை அவர் பார்க்கவில்லை.

இன்று எத்தனையோ சேனல்கள். நேரத்துக்குப் பஞ்சமில்லை; தேர்ந்தெடுப்பதற்குத்தான் பஞ்சம். நம் பிள்ளைகளில் யாரேனும் பொறியியலும் மருத்துவமும் வேண்டாம், செய்தித் துறைக்குப் போகிறேன் என்றால் பதற வேண்டாம். அந்த இரும்புக் கட்டையின் கதையை முதலில் சொல்லுங்கள். கேட்டபிறகும் ஆசை குறையவில்லை என்றால், ஆசீர்வதித்து அனுப்புங்கள்.