வயிறு சிறிதா, பெரிதா? – கருவுற்ற தாய்மார்களுக்கு ஒரு விளக்கம்

"ஐந்து மாதமாகியும் வயிறே தெரியவில்லையே!" மூணாறு, பீருமேடு தோட்டங்களானாலும், கொழிஞ்சாம்பாறை, வாளையார் பக்கமானாலும், கருவுற்ற பெண்ணைக் கண்டதும் நம்மவர் கேட்கும் முதல் கேள்வி இதுதான். கேட்டவர் மறந்துவிடுவார், அந்தப் பெண்ணுக்குத்தான் அன்றிரவு தூக்கம் வராது.

வெளியே தெரியும் வயிற்றை வைத்துக் குழந்தையின் வளர்ச்சியை எடைபோட முடியாது. உயரமான பெண்ணுக்கு வயிறு அதிகம் முன்தள்ளாது. தலைச்சன் கர்ப்பத்தில் தசைகள் இறுக்கமாக இருப்பதால் சிறிதாகத் தோன்றும். அடுத்த கர்ப்பத்தில் முன்னதாகவே தெரியும். வயிற்றின் வடிவைப் பார்த்து ஆணா, பெண்ணா என்று சொல்வதும் வெறும் பேச்சே.

அப்படியானால் வளர்ச்சியை அறிவது எப்படி? கருப்பையின் மேல்விளிம்பு 20-ஆவது வாரத்தில் தொப்புள் மட்டத்தை எட்டும். அப்போது குழந்தையின் எடை ஏறக்குறைய 300 கிராம். 24-ஆவது வாரத்தில் 600 கிராமும், 28-ஆவது வாரத்தில் ஒரு கிலோவும் இருக்கும். அந்த நாட்களில் நர்ஸ் நாடா பிடித்து அளந்தால், சென்டிமீட்டர் கணக்கும் வாரக் கணக்கும் ஏறத்தாழ ஒத்துப்போகும். 24-ஆவது வாரத்தில் 22 முதல் 26 செ.மீ. வரை இருக்கலாம். அதற்குக் கூடினாலோ குறைந்தாலோ, முந்தைய அளவிலேயே நின்றுவிட்டாலோ டாக்டர் ஸ்கேன் எடுக்கச் சொல்வார். தேதிக் கணக்கில் பிழை, இரட்டைக் குழந்தை, பனிக்குட நீரின் மாறுபாடு, வளர்ச்சிக் குறைவு என்று காரணங்கள் பல.

"குறைவாகச் சாப்பிட்டால் குழந்தை சிறிதாகி, சுகப்பிரசவம் ஆகும்" என்று சில பெரியவர்கள் சொல்வதுண்டு. இது ஆபத்தான யோசனை. எடை குறைந்து பிறக்கும் குழந்தைக்கு நோய் எளிதில் தொற்றும். பருப்பு, கீரை, முட்டை, மீன் எனச் சத்தாக உண்ண வேண்டும். நான்காம் மாதம் முதல் தரப்படும் இரும்புச்சத்து மாத்திரையைத் தினமும் விழுங்க வேண்டும். ஆனால் தேநீருடன் வேண்டாம். தேயிலை, இரும்புச்சத்து உடலில் சேர்வதைத் தடுக்கும்.

நம் பெண்கள் பலர் வளைகாப்பு முடிந்ததும் தேனி, போடி, கோவை என்று தாய்வீடு செல்கிறார்கள். அங்குள்ள டாக்டருக்கு அன்றைய ஓர் அளவு மட்டும் போதாது. முந்தைய மாதங்களின் அளவுகளும் தெரிந்தால்தான் குழந்தை வளர்கிறதா என்று சொல்ல முடியும். ஆகவே வளையலோடும் சீர்வரிசையோடும், தாய் சேய் அட்டையையும் ஸ்கேன் தாள்களையும் மறவாமல் கொடுத்தனுப்புங்கள்.

உதிரப்போக்கு, நீர்க்கசிவு, கடும் தலைவலி, குழந்தையின் அசைவில் குறைவு – இவற்றில் எது கண்டாலும் அன்றே ஆஸ்பத்திரிக்குச் செல்லுங்கள். மற்றபடி, அடுத்த வீட்டுப் பெண்ணின் வயிற்றோடு ஒப்பிட்டுக் கலங்க வேண்டாம்.