கடலைப் பொட்டலம் மாதிரி ஒரு சுஷி!

‘சுஷி’ என்றதும் “ஐயே... பச்சை மீனா!” என்று முகம் சுளிப்பவரா நீங்கள்? முதலில் ஒரு சின்னத் திருத்தம். சுஷி என்றால் மீன் இல்லை. வினிகர், சர்க்கரை, உப்பு சேர்த்துப் பிசிறிய சோறு இருந்தால்தான் அது சுஷி. அதன் மேலோ உள்ளேயோ வைப்பது மீனாகவும் இருக்கலாம், வெள்ளரிக்காயாகவும் இருக்கலாம். சோறே இல்லாமல் பச்சை மீனை மட்டும் நறுக்கி வைத்தால் அதற்குப் பேர் ‘சஷிமி’.

சுஷியிலும் பல ஜாதி உண்டு. சோற்றை விரலால் பிடித்து மேலே மீன் துண்டை ஒட்டித் தருகிறார்களே, அது ‘நிகிரி’. அதைச் சரியாகப் பிடிக்கக் கடைக்காரர்கள் வருஷக்கணக்கில் பயிற்சி எடுப்பார்கள். வீடுகளில் விருந்தாளி வந்தாலோ, பிள்ளைகளுக்குப் பிறந்தநாள் என்றாலோ செய்வது ‘தெமாகி’. ‘தெ’ என்றால் கை, ‘மாகி’ என்றால் சுருட்டுவது. மேஜை நடுவில் சோறு, சுற்றிலும் தட்டுத் தட்டாகக் காய், முட்டை, மீன். கடல்பாசித் தாளை ஆளுக்கொன்று கையில் எடுத்து, வேண்டியதை வைத்து, கடற்கரையில் கடலை மடித்துத் தருகிற மாதிரி கூம்பாகச் சுருட்டி, அப்படியே கடிக்க வேண்டியதுதான். சமைப்பவர் அடுப்படியிலும் சாப்பிடுபவர் கூடத்திலும் என்ற பேச்சே இல்லை!

இதைக் கற்றுக்கொள்ளச் சமையல் கல்லூரி எல்லாம் வேண்டாம். டோக்கியோ, கியோட்டோ, ஒசாகா போன்ற ஊர்களில் சுற்றுலா வருபவர்களை வீட்டுக்கே அழைத்து, இரண்டு மூன்று மணி நேரத்தில் சொல்லிக்கொடுத்துச் சேர்ந்து சாப்பிடும் குடும்பத்தலைவிகள் இருக்கிறார்கள். மகனுக்கோ மருமகனுக்கோ அங்கே வேலை என்று இரண்டு மாதம் போய்த் தங்கும் பெற்றோருக்கு இது அருமையான பொழுதுபோக்கு. ஆனால் பிளட் பிரஷர், சர்க்கரை, மாத்திரை டப்பா சகிதமாகப் போகிற வயது அது. கூடவே கர்ப்பிணி மகளும் இருக்கலாம். அதனால்தான் ஓர் ஆரோக்கியப் பத்திரிகையில் சுஷியைப் பற்றி இவ்வளவு பேச்சு.

போகும் முன்பே சொல்லிடுங்க!

சாப்பாட்டு மேஜைக்கு வந்த பிறகு “நான் சைவம்” என்று சொன்னால், பாவம், அந்த அம்மா தவித்துப்போவார். முன்பதிவு செய்யும்போதே விவரமாகச் சொல்வதுதான் மரியாதை. ‘வெஜிடேரியன்’ என்ற ஒற்றைச் சொல் அங்கே போதாது. மீன் துண்டு கண்ணில் படாவிட்டால் அது சைவம் என்று நினைப்பவர்கள் அங்கே நிறையப் பேர்.

ஜப்பானியச் சமையலின் அஸ்திவாரம் ‘தாஷி’ என்கிற சாறு. பெரும்பாலும் ‘கட்சுவோபுஷி’ போட்டுக் கொதிக்கவைத்து இறக்குவார்கள். அது சூரை இன மீனை வேகவைத்து, புகைபோட்டு, கட்டைபோல உலர்த்திச் சீவிய சீவல். தூத்துக்குடி, ராமேஸ்வரம் பக்கத்து வாசகர்களுக்கு ‘மாசி’ தெரியுமே, கிட்டத்தட்ட அதே சங்கதி! இந்தச் சாறு முட்டை ஆம்லெட்டில் இருக்கும், சூப்பில் இருக்கும், இனிப்பாக வேகவைத்த காளானிலும் இருக்கும். “நிக்கு மோ, சக்கனா மோ தபேமஸேன்” என்று சொல்லிப் பழகிக்கொள்ளுங்கள். ‘இறைச்சியும் மீனும் சாப்பிட மாட்டேன்’ என்று அர்த்தம். அந்த ‘மோ’ நம்முடைய ‘உம்’ செய்கிற வேலையைத்தான் செய்கிறது, பாருங்கள். “மீன் தாஷியும் வேண்டாம்” என்பதையும் சேர்த்து எழுதி அனுப்பிவிடுங்கள். கொம்பு என்ற கடல்பாசியிலும் உலர்ந்த ஷீடாக்கே காளானிலும் சுத்த சைவ தாஷி செய்ய அவர்களுக்கு நன்றாகவே தெரியும்.

சோயா சாஸில் கோதுமை உண்டு. கோதுமை ஒத்துக்கொள்ளாதவர்கள் அதையும் சொல்ல வேண்டும்.

சோற்றில்தான் இருக்கிறது சூட்சுமம்

வாசலில் செருப்பைக் கழற்றுவதை நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, ஏப்ரனைக் கட்டினால் பாடம் ஆரம்பம். முதல் பாடம், இரண்டாம் பாடம், மூன்றாம் பாடம் எல்லாமே சோறுதான்.

அரிசி குட்டை ரகம். நம் பொன்னி மாதிரி உதிராது, ஒட்டும். காரணம், அரிசி மாவுச்சத்தில் ‘அமைலோஸ்’ என்ற பகுதி குறைவு. அது குறையக் குறைய ஒட்டும் தன்மை கூடும். நாலு பேருக்கு 300 கிராம் அரிசி. நாலைந்து முறை அலசி, அரைமணி ஊறவைத்து, வழக்கத்தைவிடத் தண்ணீரைக் கொஞ்சம் குறைத்து வேகவைக்கிறார்கள். பிறகு 4 மேஜைக்கரண்டி அரிசி வினிகர், 2 மேஜைக்கரண்டி சர்க்கரை, 1 டீஸ்பூன் உப்பு கலந்த கலவையைச் சூடான சோற்றில் பரவலாக ஊற்றுவார்கள். வீட்டுக்கு வீடு அளவு கொஞ்சம் மாறும்.

அடுத்து வருகிற வேலைதான் வேடிக்கை. சோற்றை ‘ஹங்கிரி’ என்ற அகலமான மரத்தொட்டியில் கொட்டி, தட்டைக் கரண்டியால் கத்தி போல வெட்டி வெட்டிக் கலக்க வேண்டும். நாம் தயிர்சாதம் பிசைகிற பாணியில் மசித்தால் போச்சு, களியாகிவிடும்! ஒருவர் கலக்க, இன்னொருவர் விசிறியால் விசிறிக்கொண்டே இருப்பார். விசிறினால் மேலே இருக்கும் ஈரம் பறந்து சோறு பளபளவென்று வரும். கையில் எடுத்தால் ஒட்டணும், வாயில் போட்டால் பிரியணும், அதுதான் பக்குவம். உடம்புச் சூட்டுக்கு வந்ததும் ஈரத்துணி போட்டு மூடிவிடுகிறார்கள். ஃப்ரிட்ஜில் வைப்பதில்லை, வைத்தால் விறைத்துப்போகும்.

இந்த வினிகர் ருசிக்கு மட்டும்தானா? ரயில் பயணத்துக்குப் புளிசாதம் கட்டிக்கொண்டு போகிறோமே, அந்த வேலையை இங்கே வினிகர் செய்கிறது. வெந்த சோற்றைச் சும்மா வெளியே வைத்தால் ‘பேஸில்லஸ் சீரியஸ்’ என்ற கிருமி பெருகி விஷப்பொருளை உண்டாக்கும். அந்த விஷத்தில் ஒரு வகை, மறுபடி சூடுபடுத்தினாலும் அழியாது. புளிப்பு ஏறிய சோற்றில் இந்தக் கிருமி பெருகத் திணறும். சர்க்கரையைக் குறைத்துக்கொள்ளலாம், வினிகரில் கை வைக்காதீர்கள். அதற்காக சுஷி சோற்றை மறுநாள் வரை வைத்திருக்கவும் கூடாது. அன்றைக்கே தீர்த்துவிட வேண்டும்.

இனி சுருட்டல். பாசித் தாளுக்கு ‘நோரி’ என்று பெயர். முழுத்தாள் 21க்கு 19 சென்டிமீட்டர், அதில் பாதி போதும். பளபளப்பான பக்கம் வெளியே, சொரசொரப்பு உள்ளே. தாளை இடது உள்ளங்கையில் வைக்கச் சொல்வார்கள். ‘சாப்பாட்டை இடது கையிலா?’ என்று நமக்கு ஒரு கணம் உறுத்தும். கையைத்தான் கழுவிவிட்டோமே, வையுங்கள்! தாளின் இடதுபாதியில் இரண்டு ஸ்பூன் சோறு, மெல்லியதாக. அதன்மேல் வெள்ளரி, ஆம்லெட் துண்டு இவற்றைச் சாய்வாக வைத்து, கீழ் மூலையை மேலே மடித்து வலப்பக்கமாக உருட்டினால் கூம்பு ரெடி. கடைசி ஓரம் ஒட்டவில்லையா? ஒரு பருக்கையை வைத்து அழுத்துங்கள். சின்ன வயசில் பட்டத்துக்குச் சோற்றுப் பருக்கை ஒட்டியவர்களுக்கு இது பால பாடம். நம்மவர்கள் பெரும்பாலும் சோற்றை அள்ளி வைத்துவிட்டு, மூட முடியாமல் திண்டாடுவார்கள். பிறர் சுருட்டி முடிக்கட்டும் என்று காத்திருக்கவும் வேண்டாம். இரண்டு நிமிஷம் போனால் நோரி நமுத்து ரப்பராகிவிடும்.

இந்த நோரிக்குப் பின்னால் ஒரு கதை உண்டு. கோடையில் இந்தப் பாசி எங்கே போய் ஒளிகிறது என்பது ஜப்பானிய மீனவர்களுக்கே ரொம்ப நாள் புரியாத புதிர். விடை கிடைத்தது இங்கிலாந்தில்! கேத்லீன் ட்ரூ-பேக்கர் என்ற பெண் விஞ்ஞானி, அது சிப்பி ஓடுகளுக்குள் வேறொரு உருவில் வாழ்கிறது என்று 1949-ல் வெளியிட்டார். பாசி வளர்ப்பு திட்டமிட்ட தொழிலானது அதற்குப் பிறகுதான். ஜப்பானுக்கே போகாத அந்த அம்மையாருக்கு அங்கே ஊடோ என்ற ஊரில் நினைவுச் சின்னம் இருக்கிறது.

மீன் விஷயத்துக்கு வருவோம்

“வசாபி காரம் புழுவைக் கொன்றுவிடும், வினிகர் கிருமியை அழித்துவிடும், அதனால் பச்சை மீன் பத்திரம்” என்று சிலர் அடித்துச் சொல்வார்கள். நம்பாதீர்கள். கானாங்கெளுத்தி, கணவாய், காட்டு சால்மன் போன்றவற்றில் ‘அனிசாகிஸ்’ என்ற நூல் போன்ற புழு இருக்கலாம். வசாபி, வினிகர், சோயா சாஸ் எதற்கும் அது அசையாது. மைனஸ் 20 டிகிரியில் 24 மணி நேரத்துக்குக் குறையாமல் உறையவைக்க வேண்டும், அல்லது 60 டிகிரியில் ஒரு நிமிஷமாவது உள்வரை வேக வேண்டும் என்கிறது ஜப்பான் சுகாதார அமைச்சகம். மீன் தின்றே வளர்ந்த அந்த நாட்டிலேயே, பதிவாகும் உணவு நஞ்சுச் சம்பவங்களின் எண்ணிக்கையில் அண்மையில் பல ஆண்டுகள் அனிசாகிஸ்தான் முதலிடம். சால்மனை அவர்கள் முன்பெல்லாம் பச்சையாகத் தொடவே மாட்டார்கள், தெரியுமா? 1980-களில் நார்வேக்காரர்கள் பண்ணையில் தீவனம் போட்டு வளர்த்த சால்மனை விற்க முனைந்த பிறகு வந்த பழக்கம் அது.

பிடித்தது முதல் தட்டுக்கு வரும்வரை குளிர் குறையாமல் கொண்டுவரும் ஏற்பாடும், ‘பச்சையாகச் சாப்பிட’ என்று தனியாகப் பிரித்து விற்கும் வழக்கமும்தான் அங்கே மீனைக் காக்கின்றன. தெமாகியில் இன்னொரு சிக்கல் நேரம். பேச்சு சுவாரஸ்யத்தில் மீன் தட்டு மணிக்கணக்கில் மேஜையிலேயே இருந்துவிடும். விவரமான வீட்டுக்காரம்மா ஐஸ்மேல் வைப்பார், கொஞ்சம் கொஞ்சமாகத்தான் எடுத்துவருவார். இரண்டு மணி நேரம் வெளியில் இருந்த மீனை யார் நீட்டினாலும் சிரித்துக்கொண்டே மறுத்துவிடுங்கள்.

கர்ப்பிணிகள், ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகள், ரொம்ப முதியவர்கள், புற்றுநோய் சிகிச்சையிலோ உறுப்பு மாற்று மாத்திரையிலோ இருப்பவர்கள் பச்சை மீனைத் தொடவே வேண்டாம். வெந்த இறால், ஆம்லெட், அவகாடோ, வெள்ளரி இருக்கவே இருக்கின்றன. பெரிய சூரை மீன்களில் பாதரசம் சேர்வதால், கர்ப்பிணிகள் அவற்றைச் சமைத்தே சாப்பிட்டாலும் அளவோடுதான் என்று ஜப்பான் அரசே சொல்லியிருக்கிறது.

இதயத்துக்காக ‘வார்ஃபரின்’ சாப்பிடுபவர்களுக்கு ஒரு தனி எச்சரிக்கை. மேஜையில் ‘நாட்டோ’ என்று, நூல் நூலாக இழுபடும் புளித்த சோயா இருக்கும். சைவம்தானே என்று எடுத்துவிடாதீர்கள். அதில் வைட்டமின் கே மிக அதிகம், மாத்திரையின் வேலையையே கெடுத்துவிடும். தைராய்டு தொல்லை உள்ளவர்கள் கொம்பு பாசியில் கவனம் வையுங்கள், அயோடின் அதில் கொட்டிக் கிடக்கிறது.

பிளட் பிரஷர்காரர்களுக்கு எதிரி சோயா சாஸ். ஒரு மேஜைக்கரண்டியில் சுமார் இரண்டரை கிராம் உப்பு. உலக சுகாதார நிறுவனம் ஒரு நாள் முழுவதற்கும் சொல்வதே ஐந்து கிராமுக்குள்தான். சோற்றை அதில் முக்கினால் ஸ்பாஞ்ச் மாதிரி உறிஞ்சும். உள்ளே வைக்கும் துண்டில் நாலு சொட்டு விட்டுக்கொண்டால் போதும். சர்க்கரைக்காரர்கள் கூம்புகளை எண்ணிச் சாப்பிடுங்கள். மெல்லியதாகத்தானே இருக்கிறது என்று பத்து உள்ளே போய்விடும், அது ஒரு முழுச் சாப்பாட்டுச் சோறு!

சாப்பிட்ட சில மணி நேரத்தில் மேல்வயிறு பிடுங்கி எடுப்பது போல் வலித்தால் ஓமவாட்டர் குடித்துக்கொண்டு படுத்திருக்காதீர்கள். டாக்டரிடம் போங்கள், “பச்சை மீன் சாப்பிட்டேன்” என்பதை முதல் வாக்கியமாகச் சொல்லுங்கள். அனிசாகிஸ் என்றால் எண்டோஸ்கோப்பி வழியாகப் புழுவையே பிடித்து எடுத்துவிடுவார்கள். அங்கே ஆம்புலன்ஸுக்கு 119.

ஊருக்குத் திரும்பிய பிறகு...

பாயும் விசிறியும் வாங்கிவந்து, உறவினரைக் கூப்பிட்டு அசத்த வேண்டும் என்று ஆசை வரும். செய்யுங்கள். ஆனால், “மார்க்கெட்டில் துள்ளத் துள்ள வாங்கியது” என்று வஞ்சிரத்தையோ சூரையையோ பச்சையாக நறுக்கி வைத்துவிடாதீர்கள். துள்ளுகிற மீனிலும் புழு இருக்கும். நம் வீட்டு ஃப்ரீஸர் மைனஸ் 18-ஐத் தாண்டினாலே பெரிய விஷயம், நடுவில் கரண்ட் வேறு போகும். உறையவைத்தாலும் பாக்டீரியா சாகாது. சூரை, கானாங்கெளுத்தி வகைகளில் குளிர் குறைந்தால் ‘ஹிஸ்டமின்’ சேர்ந்து உடம்பெல்லாம் தடிக்கும், அது கொதிக்கவைத்தாலும் போகாது. ஆற்று மீன், ஏரி மீன் பற்றிக் கேட்கவே வேண்டாம். அவற்றைப் பச்சையாக ஒருபோதும் கூடாது.

அதற்காக வருத்தப்படவும் வேண்டாம். டின் சூரையை மயோனைஸில் பிசறி வைப்பது ஜப்பானிய வீடுகளிலேயே பிள்ளைகளுக்குப் பிடித்த தெமாகிதான். வேகவைத்த இறால், ஆம்லெட், காரட், வெள்ளரி, வறுத்த டோஃபு எல்லாமே தோதுப்படும். குட்டை ரக சுஷி அரிசியும் நோரியும் பெரிய ஊர் சூப்பர் மார்க்கெட்டுகளில் கிடைக்கின்றன. அரிசி வினிகர் கிடைக்காவிட்டால் ஆப்பிள் சைடர் வினிகர் பரவாயில்லை.

நோரி பாக்கெட்டைப் பிரித்தால் காற்றுப்புகாத டப்பாவில் போட்டு மூடுங்கள். நம் ஊர் ஈரக்காற்றில் ஒரே நாளில் நமுத்துவிடும். நமுத்தால் தூக்கிப் போடாதீர்கள். அப்பளம் சுடுகிற மாதிரி, ஆனால் கொஞ்சம் உயரத்தில் பிடித்து, சிறு தீயில் இரண்டு பக்கமும் நாலு விநாடி காட்டுங்கள். மறுபடி மொறுமொறு என்று ஆகிவிடும்.