துள்ளுபலகையிலிருந்து சட்டமன்றம் வரை: பிரதிநிதித்துவம் குறித்துச் சில குறிப்புகள்

1

விளையாட்டு வீரர்கள் அரசியலுக்கு வருவதைப் பற்றி நம்மிடையே இரண்டு பேச்சுகள்தான் புழங்குகின்றன. ஒன்று, ‘நாட்டுக்குப் பேர் வாங்கித் தந்தவர், வரட்டுமே’ என்பது. மற்றது, ‘இவருக்கு அரசியல் என்ன தெரியும்’ என்பது. சினிமாக்காரர்களைப் பற்றி நாம் பேசிச் சலித்த அதே பேச்சுகள். இரண்டும் ஆளைப் பற்றியவை. ஆளை ஒதுக்கிவிட்டு, அவர் எதிலிருந்து எதற்குப் போகிறார் என்று பார்த்தால் வேறொரு சிக்கல் தட்டுப்படுகிறது. அது ‘பிரதிநிதி’ என்கிற சொல்லுக்குள்ளேயே இருக்கிறது.

ஆட்டக்காரர் நாட்டின் பிரதிநிதி என்கிறோம். எம்.எல்.ஏ. தொகுதியின் பிரதிநிதி என்கிறோம். சொல் ஒன்று, காரியம் இரண்டு. முதலாவது, ஒன்றின் இடத்தில் இன்னொன்றைக் காட்டுவது: படம், கொடி, குறி மாதிரி. இரண்டாவது, ஒருவருக்காக இன்னொருவர் போய் நிற்பது: வக்கீல் மாதிரி. லூயி போனபார்ட் பற்றி 1852-இல் மார்க்ஸ் எழுதிய நூலில் பிரெஞ்சு விவசாயிகளைப் பேசும் இடத்தை எடுத்துக்கொண்டு, ஜெர்மன் மொழியில் இவ்விரண்டுக்கும் தனித்தனிச் சொற்கள் இருப்பதை காயத்ரி ஸ்பிவக் 1988-இல் வெளியான கட்டுரையில் சுட்டிக்காட்டினார். இரண்டையும் ஒன்றாகக் குழப்பிவிடும்போது, பேச முடியாதவர்கள் மேலும் பேச முடியாதவர்களாகிறார்கள் என்பது அவர் வாதத்தின் சாரம். நம் மொழியில் இரண்டுக்கும் ஒரே சொல். குழப்பம் நமக்கு இன்னும் சுலபம்.

2

ஸ்பிரிங்போர்டு எனப்படும் துள்ளுபலகையிலிருந்து நீரில் பாயும் போட்டியை எடுத்துக்கொள்வோம். பலகை நீர்மட்டத்திலிருந்து 3 மீட்டர் உயரத்தில் இருக்கும். துள்ளி எழுந்து, காற்றில் கரணமடித்து, உடம்பை முறுக்கி, விரல்நுனியால் நீரைத் திறந்து உள்ளே போக இரண்டு நொடிகூட ஆகாது. அந்த இரண்டு நொடிக்கு ஏழு நடுவர்கள் மதிப்பெண் போடுவார்கள். மேலே இரண்டு, கீழே இரண்டு தள்ளிவிட்டு, மிஞ்சிய மூன்றைக் கூட்டி, பாய்ச்சலின் கடினத்தைக் குறிக்கும் எண்ணால் பெருக்குவார்கள். இதில் நமக்கு முக்கியமான விதி ஒன்றுண்டு. எந்தெந்தப் பாய்ச்சல்களைச் செய்யப்போகிறோம் என்று முன்கூட்டியே பட்டியல் எழுதிக் கொடுத்துவிட வேண்டும். எழுதியதை விட்டு வேறொன்றைச் செய்தால், அது எவ்வளவு அழகாக இருந்தாலும் பூஜ்யம்.

இந்தக் கலையில் உலக அளவில் வென்று பிறகு அரசியலுக்குப் போனவர் மெக்சிகோவின் ரொமெல் பச்சேக்கோ. 1986-இல் மெரிதா நகரில் பிறந்தவர். 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் ஆடினார். 2021-இல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக்கிலும் ஆடினார். 2016 பிப்ரவரியில் ரியோவில் நடந்த உலகக் கோப்பையில் 3 மீட்டர் பலகையில் தங்கம் வென்றார். மெக்சிகோவின் நீச்சல் கூட்டமைப்பு அப்போது சர்வதேசத் தடையில் இருந்ததால் அந்நாட்டு வீரர்கள் தங்கள் கொடியின்கீழ் ஆட முடியவில்லை. மேடையில் ஒலித்தது சர்வதேச நீச்சல் அமைப்பின் கீதம். அதற்கு மேலாகப் பச்சேக்கோ தன் நாட்டுக் கீதத்தைத் தானே பாடினார். கொடி இல்லை, இசை இல்லை, உடம்பும் குரலும் மட்டுமே நாடாகி நிற்கின்றன. முதல் வகைப் பிரதிநிதித்துவத்துக்கு இதைவிடச் சுத்தமான உதாரணம் கிடைக்காது. யாரும் அவரை அனுப்பவில்லை, யாரும் கேள்வி கேட்கவும் முடியாது.

2021-இல் வலதுசாரியான தேசிய நடவடிக்கைக் கட்சியின் சார்பில் அவர் நாடாளுமன்ற உறுப்பினரானார். 2024-இல் எதிரணியில் இருந்த ஆளுங்கட்சியான மொரேனாவின் வேட்பாளராக மெரிதா மேயர் பதவிக்கு நின்று தோற்றார். அதே ஆண்டு அக்டோபரில் புதிய அரசு அவரைத் தேசிய விளையாட்டு ஆணையத்தின் தலைவராக்கியது. பலகையில் பட்டியலை மாற்றினால் பூஜ்யம் வாங்கியிருக்கக்கூடியவர் இவர். கட்சியில் பட்டியலை மாற்றியதற்கு அப்படி ஒரு விதி இல்லை. ஆளைக் குறை சொல்வதற்காக இதைச் சொல்லவில்லை. பதக்கத்தால் வந்த மதிப்பு அவருடைய சொந்தச் சொத்து. எந்தக் கட்சிக்குள்ளும் அதைத் தூக்கிக்கொண்டு போகலாம், எங்கேயும் அதற்குக் கணக்குக் காட்ட வேண்டியதில்லை.

3

நம் பக்கம் வருவோம். இந்தியாவில் இதற்கு மிக நெருக்கமானவர் வங்கத்தின் பூலா சௌத்ரி. பலகைக்காரர் அல்ல, நீச்சல்காரர். 1970-இல் ஹூக்ளியில் பிறந்தவர். 1989-இலும் 1999-இலும் ஆங்கிலக் கால்வாயைக் கடந்தார். ஐந்து கண்டங்களின் கடல்களில் நீந்திய முதல் பெண். 2004-இல் தலைமன்னாரிலிருந்து தனுஷ்கோடிக்கு சுமார் 14 மணி நேரம் நீந்தி வந்தார். 2006-இல் மார்க்சிஸ்ட் கட்சி வேட்பாளராக நந்தன்பூர் தொகுதியில் வென்று 2011 வரை மேற்கு வங்கச் சட்டமன்றத்தில் இருந்தார்.

அந்த ஐந்து ஆண்டுகள் எவை என்று பாருங்கள். 2006-இல் அவர் பிறந்த ஹூக்ளி மாவட்டத்திலேயே, சிங்கூரில், டாடா கார் தொழிற்சாலைக்காக ஏறக்குறைய ஆயிரம் ஏக்கர் எடுக்கப்படுகிறது. 2007 மார்ச் 14 அன்று நந்திகிராமில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் 14 பேர் சாகிறார்கள். 2011-இல் 34 ஆண்டுக்கால இடதுசாரி ஆட்சி கவிழ்கிறது. தனியொரு உறுப்பினர் அவையில் என்ன பேசினார் என்பதல்ல என் கேள்வி. கொறடாவின் கீழிருக்கும் உறுப்பினருக்கு, அதுவும் 1985-இன் கட்சித்தாவல் தடைச் சட்டத்துக்குப் பிறகு, எவ்வளவு இடம் இருக்கிறது என்பது தெரிந்ததுதான். மெக்சிகோவில் வீரர் தன் மதிப்பைத் தூக்கிக்கொண்டு எங்கும் போகலாம். இங்கே கட்சி அந்த மதிப்பை வாங்கித் தன் முகமாக மாட்டிக்கொள்கிறது. இரண்டிலும் வாக்குப் போட்டவர் கேள்வி கேட்கிற இடம் காலியாகவே இருக்கிறது.

இதைச் சொன்னபோது சிப்காட்டில் ஒப்பந்தத் தொழிலாளியாக இருக்கும் நண்பர் கேட்டார்: “அப்ப மெடல் வாங்குனவன் அரசியலுக்கே வரக்கூடாதா தோழர்? வக்கீலும் கான்ட்ராக்டரும் மட்டும் வரலாமா?” நியாயமான கேள்வி. 1928 ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக்கில் இந்திய ஹாக்கி அணிக்குத் தலைவராக இருந்த ஜெய்பால் சிங் முண்டாவைத்தான் நான் பதிலாகச் சொன்னேன். 1939-இல் ஆதிவாசி மகாசபைக்குத் தலைமையேற்று, அரசியல் நிர்ணய சபையில் ஆதிவாசிகளுக்காக வாதாடியவர். அங்கே அவர் நின்றது ஹாக்கி மட்டையின் பலத்தில் அல்ல, பின்னால் ஓர் இயக்கம் இருந்தது. 1963-இல் தன் ஜார்க்கண்ட் கட்சியைக் காங்கிரசோடு இணைத்தபோது தன் ஆட்களிடமிருந்தே கடுமையான விமர்சனத்தைச் சந்தித்தார். அவரைக் கேள்வி கேட்க ஆள் இருந்தது என்பதுதான் வித்தியாசம்.

4

தலைமன்னார் – தனுஷ்கோடி என்கிற அந்த நீர்வழிக்கு இன்னொரு வரலாறும் உண்டு. 1954-இல் நவரத்தினசாமியும், 1971-இல் வல்வெட்டித்துறை ஆனந்தனும் பாக்கு நீரிணையை நீந்திக் கடந்தார்கள். ஆனந்தன் போகவர இரண்டு திசையிலும் 51 மணி நேரத்தில் நீந்தினார். 1983-க்குப் பிறகு அதே கடலை ஆயிரக்கணக்கான ஈழத்தமிழர்கள் படகில் கடந்தார்கள். நீந்தி வந்தால் சாதனை, உயிருக்குப் பயந்து வந்தால் சட்டவிரோதக் குடியேற்றம். கடல் ஒன்றுதான்.

அப்படி வந்தவர்களில் ஒரு பகுதி கும்மிடிப்பூண்டி முகாமில் இருக்கிறது. 2021-இல் தமிழக அரசு முகாம்களுக்கு ‘மறுவாழ்வு முகாம்’ என்று பெயர் மாற்றியது. 2019-இன் குடியுரிமைத் திருத்தச் சட்டம் இலங்கையைச் சேர்க்கவில்லை. முகாமிலேயே பிறந்து, சுற்றியுள்ள வேலைகளுக்குப் போய், பிள்ளை பெற்றவர்களிலும் பெரும்பாலோருக்கு வாக்கு இல்லை. மேடைகளில் இவர்களைக் ‘காட்டுகிறவர்கள்’ ஏராளம். இவர்களுக்காகப் போய் ‘நிற்கிறவரை’ அனுப்பும் உரிமை இவர்களுக்கு இல்லை. முதல் வகைப் பிரதிநிதித்துவம் பொங்கி வழிகிறது, இரண்டாவது வகை சுத்தமாக இல்லை.

வாக்கு இருந்தால் மட்டும்? அதே வட்டத்தில் தேர்வாய்கண்டிகை இருக்கிறது. தலித்துகள் பெரும்பான்மையாக வாழும் ஊர். ஆடுமாடு மேய்த்து, விறகு பொறுக்கி, ஏரிக்கு நீர் வரும் வழியாகவும் வைத்திருந்த 1,127 ஏக்கர் மேய்க்கால் நிலம் சிப்காட்டுக்குப் போனது. 2009-இல் மிஷ்லின் டயர் நிறுவனத்தோடு அரசு ஒப்பந்தம் போட்டது. ஊர்ச்சங்கம் மறியல், வழக்கு எல்லாம் பார்த்துவிட்டு, 2012-இல் பிரெஞ்சுத் தொழிற்சங்கத்தையும் அமைப்புகளையும் சேர்த்துக்கொண்டு பாரிசில் புகார் கொடுத்தது. வாக்குப் போட்ட ஊர் தனக்கான வக்கீலைக் கடல்தாண்டித் தேட வேண்டியிருந்தது. 2020 நவம்பரில் அதே பகுதியில், கண்ணன்கோட்டை – தேர்வாய்கண்டிகை ஏரிகளை இணைத்த நீர்த்தேக்கம், அரை டி.எம்.சி. கொள்ளளவோடு, சென்னையின் குடிநீருக்காகத் திறக்கப்பட்டது. திறப்புவிழா நடந்ததும் சென்னையில்தான்.

5

ஆக, வீரர் அரசியலுக்கு வரலாமா என்பது தவறான கேள்வி. எந்தப் பிரதிநிதித்துவத்தோடு வருகிறார் என்பதே கேள்வி. துள்ளுபலகைக்காரர்களிடமிருந்து நாம் கடன் வாங்க வேண்டியது அவர்களுடைய பதக்கத்தை அல்ல, விதியை. நடிகரோ வீரரோ வக்கீலோ, நம்மூருக்கு யார் வந்து நின்றாலும் பட்டியலை முன்கூட்டியே எழுதி வாங்குவோம்: மேய்க்கால் நிலத்துக்கு என்ன, முகாமின் குடியுரிமைக்கு என்ன, ஒப்பந்தத் தொழிலாளிக்கு என்ன. எழுதியதை விட்டு வேறு கரணம் அடித்தால் பூஜ்யம் போட வேண்டும். ஏழு நடுவர் வேலையைச் செய்ய ஊர்ச்சங்கமும் தொழிற்சங்கமும் முகாம் குழுவும் வேண்டும். அவை இல்லாத இடத்தில் நாம் பார்வையாளர்கள்தான், கைதட்டிவிட்டு வீட்டுக்குப் போகிறவர்கள்.