நம்ம தலைக்கு மேலே போகிற விமானம் யார் பேச்சைக் கேட்கும்?



போன தடவை நான் எழுதிய கோலப்புள்ளிக் கணக்கைப் படித்துவிட்டு நிறைய பேர் நல்லா இருக்குன்னு சொன்னீங்க. நன்றி. இந்தத் தடவை விமானப்படையைப் பற்றி எழுதப் போகிறேன். "அய்யோ, பெரிய தலைப்பு"ன்னு அடுத்த சார்ட்டுக்கு ஓடிடாதீங்க. இதில் நம்ம உத்திரமேரூரும் வருது, எங்க வீட்டுத் திண்ணையும் வருது.

எங்க வீட்டில் கொள்ளுப்பாட்டி இருக்காங்க. பெரிய ஆயான்னு கூப்பிடுவோம். வயசு தொண்ணூறு தாண்டிடுச்சு. நாம கத்திக் கூப்பிட்டாலும் காதில் விழாது. ஆனால் விமானச் சத்தம் மட்டும் எப்படியோ கேட்டுடும். உடனே திண்ணையை விட்டு எழுந்து, சுவரைப் பிடித்துக்கொண்டு உள்ளே வந்துடுவாங்க. நானும் தம்பியும் சிரிப்போம். ஒரு நாள், "ஏன் ஆயா பிளேனுக்கு இப்படி பயப்படற?" என்று கேட்டேன். அப்போதுதான் இந்தக் கதையைச் சொன்னாங்க.

ஆயாவுக்கு அப்போ எட்டு வயசு. ஜப்பான்காரன் பட்டணத்து மேல குண்டு போடப் போறான்னு பேச்சு. பட்டணத்து ஜனங்க ரயில் ஏறி செங்கல்பட்டில் இறங்கி, அங்கிருந்து மாட்டு வண்டி பிடித்து நம்ம பக்கத்து ஊர்களுக்கெல்லாம் வந்தாங்களாம். ட்ரங்குப் பெட்டி, பித்தளை அண்டா, அம்மிக்கல்லைக் கூட வண்டியில் ஏற்றியிருந்தாங்களாம். எங்க வீட்டு மாட்டுக் கொட்டகைக்குப் பக்கத்தில் ஒரு குடும்பம் தங்கியிருக்காங்க. அதில் ஆயா வயசிலேயே ஒரு பொண்ணு. நாலு நாள் ரெண்டு பேரும் பல்லாங்குழி ஆடினாங்களாம். அஞ்சாம் நாள் அந்தப் பொண்ணுக்கு ஜுரம் வந்தது. நம்ம பக்கத்தில் அப்போ டாக்டர் கிடைக்கவில்லை. ஒரு வாரத்தில் இறந்துபோச்சு. அப்புறம் அந்தக் குடும்பம் பட்டணத்துக்கே திரும்பிப் போயிடுச்சு. ஜப்பான்காரன் வரவே இல்லை.

"வரலன்னு தெரிஞ்சவன் எவனாச்சும் இருந்திருப்பான்ல கண்ணு? அவன் ஏன் முன்னாடியே சொல்லல?" என்று ஆயா கேட்டாங்க. எனக்குப் பதில் தெரியவில்லை. சமூக அறிவியல் டீச்சரிடம் கேட்டேன். அவங்க நூலகத்தில் ரெண்டு புத்தகம் எடுத்துக் கொடுத்தாங்க. அதைப் படித்தபோதுதான் தெரிந்தது, இது "கமாண்ட்" பற்றிய கேள்வி என்று.

கமாண்ட் என்றால் என்ன? கட்டளையகம் என்று தமிழில் சொல்லலாம். நம்ம ஊர்த் தேர் இழுக்கிறதை நினைச்சுப் பாருங்க. வடம் பிடிக்கிறவங்க நூற்றுக்கணக்கான பேர். சக்கரத்துக்கு முட்டுக்கட்டை போடுகிறவங்க சில பேர். எல்லாரும் ஒரே ஆளுடைய குரலைத்தான் கேட்கணும். ரெண்டு பேர் கத்தினால் தேர் சந்தில் மாட்டிக்கும், முட்டுக்கட்டை போடுறவர் கால் போயிடும். போரிலும் இப்படித்தான். எத்தனை விமானம் இருக்கு என்பது பாதிதான். சேதி யாருக்கு வருது, முடிவு யார் எடுக்கிறது, யார் சொன்னால் விமானம் கிளம்பும் என்பது மீதிப் பாதி.

இப்போ 1942-க்குப் போவோம். இரண்டாம் உலகப்போர். பிப்ரவரி 15-ல் சிங்கப்பூர் விழுந்தது. மார்ச் 8-ல் ரங்கூன். மார்ச் 23-ல் ஜப்பான்காரர்கள் அந்தமானில் இறங்கிட்டாங்க. அடுத்தது நாம்தான் என்று எல்லாரும் நினைத்ததில் தப்பே இல்லை.

ஏப்ரல் 4-ஆம் தேதி இலங்கையின் தெற்கே கொக்கலை என்ற இடத்திலிருந்து கிளம்பிய ஒரு கடல் விமானம் (தண்ணீரிலேயே இறங்கும், ஏறும்) கடலைச் சுற்றிப் பார்த்துக்கொண்டிருந்தது. ஓட்டியவர் கனடா நாட்டுக்காரர், பெயர் லியோனார்ட் பர்ச்சால். சாயங்கால நேரத்தில் ஜப்பானின் பெரிய கப்பல் படையைப் பார்த்துட்டார். ரேடியோவில் சேதி அனுப்பிக்கொண்டிருக்கும்போதே அவருடைய விமானத்தைச் சுட்டு வீழ்த்திட்டாங்க. அவர் கைதியானார். ஆனால் சேதி போய்ச் சேர்ந்துவிட்டது.

மறுநாள் ஈஸ்டர் ஞாயிறு. கொழும்பு மேல குண்டு விழுந்தது. சேதி வந்ததால் துறைமுகத்தில் இருந்த கப்பல்களில் நிறைய முன்னாடியே வெளியே போயிருந்தன. இலங்கையில் அப்போ ஒரே ஆள் கையில் அதிகாரம் இருந்தது. அட்மிரல் லேட்டன் என்பவரை மார்ச் மாதமே தரைப்படை, கடற்படை, விமானப்படை மூன்றுக்கும், கவர்னருக்கும் கூட மேலே வைத்திருந்தாங்க. அப்படியும் எல்லாம் சரியாக நடக்கவில்லை. ஜப்பான் விமானங்கள் தலைக்கு மேல வந்தபோது ரத்மலானா தளத்தில் நம்ம பக்கத்து ஃபைட்டர் விமானங்கள் அப்போதுதான் தரையை விட்டுக் கிளம்பிக்கொண்டிருந்தன. சேதி முதல் நாளே வந்திருந்தும் காலையில் எச்சரிக்கை வரவில்லை!

ஏப்ரல் 6-ல் விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும் குண்டு போட்டாங்க. சென்னைக்கு உதறல் எடுத்தது. ஜப்பான் கப்பல் படை தென்னிந்தியக் கரையை நோக்கி வருது என்று ராணுவத்திலிருந்து கவர்னர் சர் ஆர்தர் ஹோப்புக்கு ஒரு தகவல் போனது. அவர் அரசு அலுவலகங்களை உள்நாட்டு ஊர்களுக்கு அனுப்பச் சொன்னார். ஆபீஸே போகுதுன்னு பார்த்தால் ஜனங்க நிற்பாங்களா? லட்சக்கணக்கானவர்கள் கிளம்பிட்டாங்க. மூர் மார்க்கெட் பக்கம் இருந்த மிருகக்காட்சி சாலையில், குண்டு விழுந்து கூண்டு உடைந்தால் வெளியே வந்துடும் என்று சிங்கம், புலி எல்லாவற்றையும் சுட்டுக் கொன்னுட்டாங்க. இதைப் படித்தபோது எனக்கு அழுகை வந்தது.

அந்தத் தகவல் தப்பு. அப்படி ஒரு படை சென்னைக்கு வரவே இல்லை. ஏப்ரல் 9-ல் திருகோணமலையைத் தாக்கிவிட்டு ஜப்பான் கப்பல்கள் திரும்பிப் போயிட்டன. சென்னை மேல குண்டு விழுந்தது 1943 அக்டோபரில்தான். அதுவும் ராத்திரியில் ஒரே ஒரு விமானம் வந்து போட்டது. பெரிய சேதம் இல்லை.

ஆக, ஆயா கேட்ட "தெரிஞ்சவன்" என்று ஒருத்தன் அன்றைக்கு இருக்கவே இல்லை. எல்லாரிடமும் கொஞ்சம் கொஞ்சம் சேதி இருந்தது. அதைச் சேர்த்து வைத்துப் பார்த்து "இது பொய்"ன்னு சொல்லும் இடம்தான் இல்லை. இது என் கருத்து. டீச்சர், "அப்படியே எழுது, ஆனால் உன் கருத்துன்னு போடு" என்றார்கள். போட்டுட்டேன்.

அப்படி ஒரு இடம் பிறகு வந்தது. 1943 ஆகஸ்டில் கனடாவில் க்யூபெக் நகரத்தில் சர்ச்சிலும் ரூஸ்வெல்ட்டும் கூடிப் பேசி, தென்கிழக்கு ஆசியக் கமாண்ட் என்று ஒன்று வைக்க முடிவு செய்தாங்க. தலைவர் மவுண்ட்பேட்டன். (ஆமாம், நம்ம பாடத்தில் 1947-ல் வரும் அதே மவுண்ட்பேட்டன்தான்.) முதலில் டெல்லி, அப்புறம் 1944-ல் இலங்கையில் கண்டிக்கு இடம் மாறினாங்க. இதற்குக் கீழே 1943 நவம்பரில் விமானங்களுக்கு மட்டும் ஒரு கமாண்ட். தலைவர் பிரிட்டிஷ்காரர், சர் ரிச்சர்ட் பியர்ஸ். அதற்குக் கீழே டிசம்பரில் கிழக்கு விமானக் கமாண்ட். இதற்குத் தலைவர் அமெரிக்கர், ஜெனரல் ஸ்ட்ராட்மேயர். அவருக்குக் கீழே சண்டைக்குப் போகும் படைக்கு மறுபடியும் பிரிட்டிஷ்காரர், பால்ட்வின். தோசைக்கு நடுவில் மசாலா வைக்கிற மாதிரி! எங்க விமானங்களை வேற நாட்டுக்காரன் கையில் ஏன் தரணும் என்று ஸ்டில்வெல் என்ற அமெரிக்க ஜெனரல் ரொம்ப எதிர்த்தார். மவுண்ட்பேட்டன் கேட்கவில்லை.

இதனால் என்ன லாபம் என்று 1944 மார்ச்சில் தெரிந்தது. ஜப்பான் படை மணிப்பூரில் இம்பாலைச் சுற்றி வளைக்க வந்தது. இம்பாலுக்கு உதவி வேணும். பர்மாவில் அரக்கான் பக்கம் இருந்த 5-ஆவது இந்திய டிவிஷனை உடனே கொண்டுவரணும். நடந்து போக நேரமில்லை. சரக்கு விமானம் போதவில்லை. ஆனால் அசாமில் அமெரிக்கச் சரக்கு விமானங்கள் நிறைய இருந்தன. அவை இமயமலைக்கு மேலே பறந்து சீனாவுக்குச் சாமான் கொண்டு போறவை. அதைத் தொட மவுண்ட்பேட்டனுக்கு அதிகாரம் இல்லை. அமெரிக்காவில் கேட்கணும். அவர் பதிலுக்காகக் காத்திருக்காமல் சி-46 விமானங்கள் 20-ஐ எடுத்துக்கொண்டார்! வீரர்கள், பீரங்கி, ஜீப்பு, கோவேறு கழுதை வரைக்கும் விமானத்தில் போய் இறங்கின. (விமானத்தில் கழுதையான்னு சிரிக்காதீங்க. மலையில் சாமான் தூக்க அதுதான்.) பிறகு இம்பாலுக்கு ரோடு அடைபட்டுப்போனது. ஜூன் 22-ல் ரோடு திறக்கும் வரைக்கும் அரிசி, மருந்து, தோட்டா எல்லாமே வானத்தில்தான் வந்தது. இம்பால் விழவில்லை.

அங்கே நம்ம விமானப்படையும் இருந்தது. 1932 அக்டோபர் 8-ல் தொடங்கியது இந்திய விமானப்படை. அதன் முதல் ஸ்குவாட்ரன் இம்பாலில் பறந்தது. தலைவர் அர்ஜன் சிங், வயசு 25கூட ஆகவில்லை. பின்னாளில் விமானப்படைத் தளபதியாகி 1965 போரை நடத்தியவர். 2017-ல் காலமானார்.

1945 ஜூனில் கிழக்கு விமானக் கமாண்டைக் கலைச்சுட்டாங்க. சண்டைக்காகச் சேர்ந்த வீடு, சண்டை முடியும்போது பிரிஞ்சுடுச்சு.

சுதந்திரத்துக்கு அப்புறம் நம்ம விமானப்படை தனக்குன்னு கமாண்டுகளை வைத்தது. இன்றைக்கு ஏழு இருக்கு. இதை எப்படி ஞாபகம் வைக்கிறதுன்னு முழிச்சேன். அப்போதுதான் நம்ம வைகுண்டப் பெருமாள் கோயில் கல்வெட்டு ஞாபகம் வந்தது. பராந்தக சோழன் காலத்தில், 919-லும் 921-லும் வெட்டியது. ஊரை முப்பது குடும்பாகப் பிரிச்சாங்க, அது இடத்தை வைத்து. குடவோலை எடுத்து வந்த முப்பது பேரை சம்வத்சர வாரியத்துக்கு 12, தோட்ட வாரியத்துக்கு 12, ஏரி வாரியத்துக்கு 6 என்று பிரிச்சாங்க, அது வேலையை வைத்து. விமானப்படையும் இப்படித்தான்! இடத்தை வைத்து ஐந்து கமாண்டு: மேற்கு (டெல்லி), கிழக்கு (ஷில்லாங்), மத்திய (பிரயாக்ராஜ்), தென்மேற்கு (காந்திநகர்), தெற்கு (திருவனந்தபுரம்). வேலையை வைத்து இரண்டு: பயிற்சி (பெங்களூரு), பராமரிப்பு (நாக்பூர்). கிழக்குக் கமாண்டு முதலில் கல்கத்தாவில்தான் இருந்தது. 1962 சீனப் போருக்கு அப்புறம் 1963-ல் ஷில்லாங்குக்குப் போனது. நம்ம தெற்குக் கமாண்டு கடைக்குட்டி, 1984 ஜூலையில்தான் வந்தது. 42 வருஷம் முன்னாடி வந்திருக்கக் கூடாதா என்று தோணுச்சு. அப்போ நமக்குச் சுதந்திரமே இல்லையேன்னு தம்பி ஞாபகப்படுத்தினான்.

ஒரு வித்தியாசம் மட்டும் உண்டு. சபையில் ஓலை எடுப்பாங்க, இங்கே ஆர்டர்தான். அந்தச் சபையில் பெண்களுக்கு இடம் இல்லை. விமானப்படையில் 2016-ல் மூன்று பெண்கள் முதன்முதலாக ஃபைட்டர் விமானிகள் ஆனாங்க. 2023-ல் ஷாலிசா தாமி என்ற அதிகாரி, மேற்குப் பகுதியில் ஒரு ஏவுகணைப் பிரிவுக்கே தலைவர் ஆனாங்க. ஒன்பதாவது மாணவிகள் கவனிக்க.

இப்போ நம்ம தலைக்கு மேல வருவோம். தாம்பரத்து விமானப்படைத் தளம் தெற்குக் கமாண்டைச் சேர்ந்ததுன்னுதான் நானும் நினைத்தேன். தப்பு. அது பயிற்சிக் கமாண்ட். 1954-லிருந்து அங்கே விமானம் ஓட்டக் கற்றுத் தருகிறவர்களுக்குப் பயிற்சி தராங்க. நம்ம டீச்சர்கள் பி.எட். படிக்கிற மாதிரி. இன்னொன்று, அரக்கோணத்திலிருந்து பெரிய சாம்பல் நிற விமானம் வரும். அது விமானப்படையே இல்லை, கடற்படை. ராஜாளி என்ற தளம், 1992-ல் தொடங்கியது. ஆனால் அந்த ஓடுதளம் உலகப்போர் காலத்தில் போட்ட பழைய இடம். கடலை வேவு பார்க்கும் பி-8ஐ விமானங்கள் அங்கே இருக்கு. பர்ச்சால் செய்த அதே வேலை. தெற்குக் கமாண்டின் பலம் பார்க்கணும்னா தஞ்சாவூர் போகணும். 2020 ஜனவரியில் சுகோய்-30 விமானங்களோடு 222-ஆவது ஸ்குவாட்ரன் அங்கே வந்தது. உலகப்போரில் கொழும்பிலிருந்த பிரிட்டிஷ் விமானப் பிரிவுக்கும் 222-தான் நம்பர். ரெண்டுக்கும் சம்பந்தம் இல்லை, சும்மா சொன்னேன்.

ஜப்பான்காரர்கள் இறங்கிய அந்தமானில் 2001-லிருந்து தரை, கடல், விமானம் மூன்று படைக்கும் சேர்த்து ஒரே கமாண்டு இருக்கு. இந்தியாவில் இப்படி அமைத்த முதல் இடம் அதுதான். வெளிநாட்டில் நேட்டோ நாடுகள் சேர்ந்து ஜெர்மனியில் ராம்ஸ்டைன் என்ற ஊரில் ஒரு கூட்டு விமானக் கமாண்டு வைத்திருக்காங்க.

இதையெல்லாம் ஆயாவிடம் காது கிட்ட போய்ச் சொன்னேன். "இது வாத்தியாருங்க ஓட்டிப் பழகுற பிளேன் ஆயா"ன்னு சொன்னதும், "அப்போ சரி, ஓட்டட்டும்" என்றாங்க. அந்தப் பொண்ணு பெயர் கேட்டேன். மறந்துபோச்சாம்.

உங்க வீட்டிலோ பக்கத்து வீட்டிலோ 1942-ல் பட்டணத்து ஜனங்க வந்த கதை தெரிந்த தாத்தா, ஆயா யாராவது இருந்தால் கேட்டு வந்து என்னிடம் சொல்லுங்க. 9-ஆம் வகுப்பில் ஜன்னல் ஓரம் இரண்டாவது பெஞ்ச். அடுத்த சுவர் இதழுக்கு எழுதித் தருகிறேன்.