முகட்டில் வாழும் போம் மொழி

வங்கதேசத்தின் தென்கிழக்கு மூலையில், இந்தியாவும் மியான்மரும் நெருங்கிவரும் சிட்டகாங் மலைப்பகுதியில், பந்தர்பன் மாவட்டத்தின் ரூமா, ரோவாங்சாரி, தான்சி வட்டாரங்களில் வாழும் ஏறத்தாழ 13,000 போம் மக்களின் தாய்மொழியும் போம் என்றே வழங்குகிறது. அதே மலைப்பகுதியில் வாழும் மார்மா மக்கள் பெரும்பாலும் ஆற்றங்கரைகளில் ஊர் அமைத்திருக்க, இவர்கள் முகடுகளிலேயே குடியேறி, காட்டை வெட்டி எரித்துப் பயிரிடும் ஜூம் வேளாண்மையால் வாழ்ந்துவருகின்றனர்.

திபெத்திய-பர்மிய மொழிகளுள் இது குக்கி-சின் கிளையைச் சேர்ந்தது. அப்பெயரின் இரு பாதிகளும் வெளியார் இட்டவை. கிளையைச் சேர்ந்தோருட் பலர் தம்மை ‘ஸோ’ என்றே சொல்லிக்கொள்வதால், அறிஞர் சிலர் குக்கி-சின் என்பதை விடுத்துத் தென்-மத்தியக் கிளை என்கின்றனர். மிசோரமின் மிசோ மொழியோடு போமுக்குள்ள நெருக்கம் எண்ணுப்பெயர்களிலேயே தெரியும். ஐந்தைக் குறிக்கும் ‘பஙா’ இரண்டுக்கும் பொது. தமிழில் ககரத்தை விட்டு அரிதாகவே பிரியும் ஙகரம், அச்சொல்லில் இரண்டு உயிர்களுக்கு நடுவே தனித்து ஒலிப்பதால், ‘பங்கா’ என்று எழுதினால் பிழையாகிவிடும்.

மொழிகள் அருகருகே வாழும் விதத்தை அம்மலைகளின் பெயர்களே காட்டுகின்றன. நாட்டின் மிக உயர்ந்த சிகரம் என மலையேறிகள் பலர் கருதும் சாகா ஹாஃபோங்குக்கு அப்பெயர் திரிபுரா மக்களின் மொழியில் அமைந்தது. போம் மக்களோ அதனைத் த்லாங்மோய் என்பர். ‘த்லாங்’ என்பது மலை, ‘மோய்’ என்பது அழகு. பெயரடை பெயருக்குப் பின்னே நிற்பது இக்கிளைமொழிகளின் வழக்கம். ‘அழகுமலை’ என்று தமிழர் சொல்வதை அவர்கள் ‘மலையழகு’ என்ற வரிசையில் சொல்கின்றனர்.

2022-இல் வங்கதேச ராணுவத்துக்கும், இக்கிளையின் பெயரையே சூடிக்கொண்ட குக்கி-சின் தேசிய முன்னணி என்னும் ஆயுதக் குழுவுக்கும் மோதல் மூண்டபோது, நூற்றுக்கணக்கான போம் மக்கள் எல்லை கடந்து மிசோரமின் லாங்த்லாய் மாவட்டத்தில் தஞ்சம் புகுந்தனர். அவர்களை மிசோக்கள் உறவினராகவே ஏற்றனர்.

கிறித்தவச் சமயப் பணியோடு வேரூன்றிய ரோமன் எழுத்தில் போம் நெடுங்காலமாகவே எழுதப்பட்டுவருகிறது. எனினும் 2017-இல் வங்கதேச அரசு சக்மா, மார்மா, திரிபுரா, காரோ, சாத்ரி ஆகிய ஐந்து மொழிகளில் தொடக்கநிலைப் பாடநூல்களை வழங்கியபோது, எழுத்தும் வாசகரும் உள்ள போமுக்கு அப்பட்டியலில் இடம் கிட்டவில்லை.