எல்லை கடந்த உத்தியோகமும் சம்பள வழக்கும்

1956 நவம்பர் முதல் நாளன்று திருவிதாங்கூர்-கொச்சி இராச்சியத்தின் தென்கோடியில் ஒரு புதுமை நிகழ்ந்தது. ஊழியர் இருந்த இடத்திலேயே இருந்தார், அரசாங்கம் மாறிற்று. அகஸ்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்களும் செங்கோட்டையின் ஒரு பகுதியும் சென்னை இராச்சியத்தோடு சேர்ந்தன. நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்தில் நின்றது. அவ்வட்டத்துக் குளத்தூரில் குடியிருந்துகொண்டு, பக்கத்திலுள்ள கொல்லங்கோட்டில் சர்க்கார் வேலை பார்த்த ஒருவரை நினைத்துப் பார்ப்போம். நேற்றுவரை அண்டை ஊருக்குப் போய்வந்தவர், அன்று முதல் அயல் இராச்சியத்துக்குப் போய்வந்தார். அவர் சம்பளத்துக்கு இனி யார் பொறுப்பு?

இதனை 'அயற்பணி' எனக் கருதிவிடலாகாது. அயற்பணி என்றதும் கடல் கடந்த நாடு நம் நினைவுக்கு வருகிறது. சர்க்கார் விதிகளிலோ, பக்கத்துத் தெரு நகராட்சிக்கு அனுப்பப்பட்ட குமாஸ்தாவும் அயற்பணியாளரே! அவர் இரவல் கொடுக்கப்பட்டவர். தாய்த் துறையில் அவருக்குரிய இடம் காத்திருக்கும். அவருடைய விடுப்புச் சம்பளத்துக்கும் ஓய்வூதியத்துக்கும் உரிய பங்குத்தொகையை, இரவல் வாங்கிய நிறுவனம் கட்டுவது பொது வழக்கம். அப்பங்கைக் கட்டாமல் இழுத்தடிக்கும்போதுதான் தகராறு பிறக்கிறது.

எல்லை மாறியதால் கைமாறிய ஊழியருக்கோ திரும்பிச் செல்லத் தாய்த் துறையே இல்லை. ஆகவே இராச்சியங்கள் புனரமைப்புச் சட்டம், தனது 115ஆம் பிரிவில், இவர்களுக்கென ஒரு காப்பு வைத்தது. மாறுதல் நாளுக்கு முன்னிருந்த பணி நிபந்தனைகளை, மத்திய சர்க்காரின் முன் இசைவின்றி ஊழியருக்குப் பாதகமாக மாற்றக்கூடாது என்பதே அது. முறையீடுகளை ஆராய ஆலோசனைக் குழுக்கள் அமைக்கவும் அப்பிரிவு இடந்தந்தது.

ஆனால் 'பணி நிபந்தனை' என்பதில் எவையெல்லாம் அடங்கும்? வழக்குகளின் வேர் இங்கேதான் இருக்கிறது. இரு இராச்சியங்களிலும் ஒரே பெயருடைய பதவிக்கு வேறு வேறு சம்பளம். வேறு பெயருடைய பதவிகளுக்கோ ஒரே வேலை. எதற்கு எது சமம்? இதற்கு நான்கு அளவுகோல்கள் வகுக்கப்பட்டன. வேலையின் தன்மை, பொறுப்பும் அதிகாரமும், குறைந்தபட்சக் கல்வித்தகுதி ஆகிய மூன்றுக்கும் பின்னரே சம்பளம் நான்காவதாக வைக்கப்பட்டது. சம்பளமே முதன்மை என நம்பியிருந்தவர்களுக்கு இது கசப்பாகவே இருந்திருக்கும். நமக்கோ, இந்த வரிசை நியாயமானதாகவே படுகிறது.

சென்னையிலிருந்து மைசூருக்குச் சென்ற தென் கன்னட மாவட்டத்து ஊழியர் ஒருவர் உச்ச நீதிமன்றம் வரை சென்றார். 1964இல் தீர்ப்பு வந்தது. சம்பளம், விடுப்பு, ஓய்வூதியம், சேமநிதி ஆகியவற்றைக் காக்க வேண்டும் என்றும், துறைப் பதவி உயர்வு முதலியவற்றில் இராச்சியங்கள் தம் விதிகளை மாற்றிக்கொள்ளலாம் என்றும் மத்திய சர்க்கார் 1957 மே மாதத்தில் எழுதியிருந்த கடிதமே முன் இசைவாகும் என்று நீதிமன்றம் கொண்டது. பதவி உயர்வுக்கான வாய்ப்பு பணி நிபந்தனையே ஆகாது என்று பிற்காலத் தீர்ப்புகளும் உரைத்தன. அன்றைய சம்பளம் காப்பாற்றப்பட்டது. நாளைய ஏணி காப்பாற்றப்படவில்லை.

இன்று பிற மாநிலங்களில் அயற்பணியில் இருக்கும் நம்மவர் நிலை சற்று மேலானது. மத்திய சர்க்கார் விதிப்படி, தம் பழைய சம்பளத்தோடு அயற்பணிப் படியையோ, புதிய பதவியின் சம்பளத்தையோ அவர் தேர்ந்துகொள்ளலாம். பணியேற்ற ஒரு மாதத்துக்குள் இத்தேர்வை எழுதித் தர வேண்டும். தந்த பின் அது இறுதியானது. தாய்த் துறையில் பதவி உயர்வு கிடைப்பது, அங்குள்ள சம்பள விகிதம் திருத்தப்படுவது போன்ற சில நிலைகளில் மட்டும் மாற்ற இடமுண்டு. மாநில சர்க்கார்களின் விதிகள் வேறுபடுமாதலால், புறப்படுமுன்னரே உத்தரவில் காலவரையறையும், பங்குத்தொகையைக் கட்ட வேண்டியவர் யார் என்பதும் எழுத்தில் உள்ளனவா என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.